உயிர் ஊசலாடும் வரை காத்திருப்பதா?

கரடியனாற்றிலிருந்து செங்கலடி வழியாக மட்டக்களப்புப் பெரியாஸ்பத்திரியை அடைவதற்குள் ஒரு கர்ப்பிணி படும் பாட்டை எம் பகுதித் தாய்மார் நன்கறிவர். ஆஸ்பத்திரி வாயிலை மிதித்த பின்னரும் சட்டம் குறுக்கே நின்றால் அவள் செய்வதென்ன? 2020ஆம் ஆண்டில் வெளிவந்த ‘த எயித்’ என்னும் விவரணப்படம் இவ்வினாவையே எழுப்புகின்றது.

‘எட்டாவது’ என்பது அத்தலைப்பின் பொருள். அயர்லாந்தின் அரசியலமைப்பில் 1983இல் சேர்க்கப்பட்ட எட்டாவது திருத்தம், தாயின் உயிருக்கும் கருவிலுள்ள சிசுவின் உயிருக்கும் சம உரிமை வழங்கிற்று. கேட்பதற்கு நீதியாகத் தோன்றும் இவ்விதி விளைத்தது யாது?

இந்தியாவின் பெல்காமைச் சேர்ந்த பல் வைத்தியர் சவிதா ஹலப்பனாவர், 31 வயதினர். பதினேழு வாரக் கர்ப்பிணி. 2012 ஒக்டோபர் 21இல் அந்நாட்டுக் கால்வே நகர் ஆஸ்பத்திரிக்குச் சென்றார். கரு கலைவது தவிர்க்கவியலாதது என வைத்தியர்களே கூறினர். ஆயினும் அதனை அகற்றுமாறு அவர் வேண்டியபோது, சிசுவின் இதயம் துடிக்கின்றதென மறுத்தனர். காத்திருந்த நாள்களில் இரத்தத்தில் நஞ்சேறிற்று. 28ஆந் திகதி அவர் மாண்டார்; சிசுவும் பிழைக்கவில்லை.

அங்கும் தாயின் உயிரைக் காக்கும் சிகிச்சைக்கு இடமிருந்தது. எனினும் நோய் எக்கட்டத்தில் உயிராபத்தாகின்றது என்பதே சிக்கலாயிற்று. 2018 மே 25இல் நடந்த மக்கள் வாக்கெடுப்பில் அறுபத்தாறு சதவீதத்தினர் அத்திருத்தத்தை நீக்க வாக்களித்தனர். அவ்வெற்றிக்காக உழைத்த மாதரின் கதையே இப்படம்.

அயர்லாந்தின் கதை எமக்கெதற்கு என்பீரோ? இலங்கையில் 1883ஆம் ஆண்டுத் தண்டனைச் சட்டக்கோவையும் தாயின் உயிரைக் காக்கும் பொருட்டன்றிக் கருக்கலைப்பை அனுமதியாது. வல்லுறவுக்கு ஆளான பெண்ணுக்கும் விலக்கில்லை. இதனைத் தளர்த்த 1995இலும் 2017இலும் எடுத்த முயற்சிகள் நிறைவேறவில்லை. எமக்கு அச்சட்டத்தைத் தந்த பிரித்தானியாவோ 1967இலேயே தன் சட்டத்தை மாற்றிக்கொண்டது; இந்தியா 1971இல் மாற்றிற்று.

கருக்கலைப்பை யாவரும் ஏற்க வேண்டுமென்பதன்று எம் வாதம். சிசுக்கொலை பாவமென அஞ்சும் நெஞ்சங்களை யாம் மதிக்கின்றோம். ஆனால் பிழைக்கவியலாத சிசுவின் பொருட்டு, பிழைக்கக்கூடிய தாயையும் இழப்பது எவ்வறத்தின்பாற்படும்? மாணவர்காள், இவ்வினாவை உங்கள் இல்லத்தில் எழுப்புங்கள். தாய்மாரின் விடையை முதலிற் கேளுங்கள்.