காவலால் பெற்ற புகழ்

கால்பந்தாட்டத்தில் கோல் அடிப்போரையே உலகம் பெரிதும் போற்றும். எதிரணியினரை நடுக்களத்திலேயே தடுத்து நிறுத்துவோரின் உழைப்போ எளிதிற் கண்ணிற் படுவதில்லை. அத்தகைய காவல் ஆட்டத்தாற் புகழெய்தியவர் அர்ஜென்டினா நாட்டு ஹாவியேர் மாஸ்செரானோ. 1984-ஆம் ஆண்டிற் பிறந்த இவர், 2006-இல் இங்கிலாந்தின் வெஸ்ட் ஹாம் கழகத்திற் சேர்ந்தார். ஆங்கு ஆடும் வாய்ப்பே அரிதாயிற்று. 2007-இல் லிவர்பூல் கழகம் இவரை ஏற்றது. அவ்வாண்டே ஐரோப்பியச் சாம்பியன்ஸ் லீக் இறுதியாட்டத்தில் ஆடினார். 2010-இல் ஸ்பெயின் நாட்டுப் பார்சிலோனாக் கழகத்தை அடைந்தார். ஆங்கு நடுக்களத்தில் இடம் எளிதிற் கிட்டாமையால், பின்வரிசைக் காவலைப் பயின்று தமதாக்கிக்கொண்டார். 2011, 2015 ஆகிய ஆண்டுகளில் அக்கழகம் அக்கோப்பையை வென்றபோது அரணாய் நின்றார். 2018 வரை 300-க்கும் மேற்பட்ட ஆட்டங்கள் ஆடியும் அக்கழகத்திற்காக இவர் அடித்த கோல் ஒன்றே. வேலி கதிர் ஈனுவதில்லை. வேலியின்றி விளைச்சல் வீடு சேர்வதுமில்லை.