எலும்பு தந்த காப்பு
உடுத்தியவர்கள், உருவாக்கியவர்கள் – 9

சென்ற வாரம் ஹால்ஸ்டனின் நியூயார்க் உலகத்தைப் பார்த்தோம். அவர் தைத்த உடைகளை உடுத்திக்கொண்டு நின்றவர்களில் எல்லோர் கண்ணிலும் பட்டவர் ஓர் இத்தாலியப் பெண். நெடுநெடுவென்ற உயரம், கட்டையாக வெட்டிய தலைமுடி. பெயர் எல்சா பெரெட்டி. ஹால்ஸ்டனின் அழகு மாடல் என்றுதான் பலர் இன்றும் அவரைச் சொல்கிறார்கள். அது பாதிக் கதை. மீதிப் பாதியில்தான் அவருடைய முழு உழைப்பும் இருக்கிறது.

1940-ல் ஃபுளோரன்ஸில் பிறந்தார். அப்பா ஃபெர்டினாண்டோ, ஏ.பி.ஐ. என்ற எண்ணெய் நிறுவனத்தைத் தொடங்கியவர். வீட்டில் பணத்துக்கும் குறைவில்லை, கட்டுப்பாட்டுக்கும் குறைவில்லை. 21 வயதில் எல்சா வெளியேறினார். வீட்டிலிருந்து வந்த பணம் நின்றது. ஸ்விட்சர்லாந்தில் இத்தாலிய மொழியும் பனிச்சறுக்கும் கற்றுக்கொடுத்துப் பிழைத்தார். பிறகு மிலானில் ஒரு கட்டடக் கலைஞரிடம் வேலை. பார்சிலோனாவில் மாடலிங். 1968-ல் நியூயார்க்.

அடுத்த ஆண்டே முதல் நகை. பழைய சாமான் சந்தையில் பார்த்த ஒரு பூச்சாடிதான் அதற்கு வித்து. அதை வெள்ளியில் விரலளவுக்குச் சுருக்கி, தோல் கயிற்றில் கோத்துப் பதக்கமாக்கினார். ஜார்ஜோ டி சான்ட்ஆஞ்சலோவின் உடைக் காட்சியில் அது மேடையேறியது. உள்ளே நிஜமாகவே ஒரு பூவைச் செருகிக்கொள்ளலாம்.

அவருக்குப் பெரும் பெயர் வாங்கித் தந்தது ‘போன் கஃப்’ என்ற எலும்புக் காப்பு. அதன் வேர் ரோமில் இருக்கிறது. அங்குள்ள கப்புச்சின் துறவியர் தேவாலயத்தின் நிலவறையில், ஆயிரக்கணக்கான துறவிகளின் எலும்புகளைக் கொண்டே சுவரையும் கூரையையும் அலங்கரித்திருக்கிறார்கள். சிறுமி எல்சா அங்கே போய்வரும்போது ஓர் எலும்பைக் கைப்பையில் போட்டுக்கொண்டு வந்துவிடுவார். திருப்பி வைத்துவிட்டு வா என்று அம்மா அனுப்புவார். பின்னாளில் பார்சிலோனாவில் கவுதி கட்டிய காஸா மிலாவின் அலையலையான கல் முகப்பு அதே ஆசையை மறுபடி கிளறியது.

அந்தக் காப்பை ஒருமுறை உற்றுப் பாருங்கள். கல் இல்லை, செதுக்கு வேலை இல்லை. வழவழப்பான உலோகம் மணிக்கட்டைத் தழுவி வந்து, எலும்பு துருத்தும் இடத்தில் தானும் புடைத்து அதற்கு இடம் விடுகிறது. அதனால் இடக் கைக்கு ஒன்று, வலக் கைக்கு வேறொன்று. மாற்றிப் போட்டால் பொருந்தாது. உடலைத் தொழிலாகக் கொண்டு, எது உறுத்தும், எது படியும் என்று தோலால் அறிந்த ஒருத்திக்குத்தான் இந்த யோசனை வரும் என்பது என் உறுதியான எண்ணம். மாடலாக நின்ற ஆண்டுகள்தாம் அவருடைய பட்டறைப் படிப்பு.

1974-ல் டிஃபனியில் சேர்ந்தார். கால் நூற்றாண்டாக வெள்ளி நகை விற்காதிருந்த கடை அது. எல்சா வெள்ளியை உள்ளே கொண்டுவந்தார். வைரத்தையும் அவர் விட்டுவைக்கவில்லை. மெல்லிய சங்கிலியில் அங்கொன்றும் இங்கொன்றுமாகச் சிறு வைரங்களைப் பதித்து, ‘டயமண்ட்ஸ் பை தி யார்ட்’ என்று துணியைப் போலக் கஜக் கணக்கில் பெயர் வைத்தார். பெட்டகத்தில் பூட்டி, விசேஷத்துக்கு மட்டும் எடுத்த வைரம், சாதாரணச் சட்டைக்கு மேலும் ஏறியது. வேலைக்குப் போகும் பெண் தன் சம்பளத்தில் தனக்காக வாங்கும் பொருளாக நகை மாறியதில் எல்சாவுக்குப் பெரும் பங்கு உண்டு.

இவ்வளவுக்குப் பிறகும், 1975-ல் உலகம் பேசியது ஒரு புகைப்படத்தைத்தான். ஹெல்முட் நியூட்டன் எடுத்தது; நியூயார்க் மாடி விளிம்பில் முயல் வேடத்தில் எல்சா. ஹால்ஸ்டனின் புகழ்பெற்ற வாசனைத் திரவியக் குப்பியை, ஒருபக்கம் சாய்ந்த கண்ணீர்த்துளி வடிவில் அமைத்தவரும் அவர்தான். கூலியாகப் பணம் வாங்காமல், விலையுயர்ந்த ரோமக் கோட் ஒன்றைப் பெற்றுக்கொண்டார். சில ஆண்டுகளில் இருவருக்கும் சண்டை முற்றியபோது, ஹால்ஸ்டன் வீட்டுக் கணப்பில் அதே கோட்டை எல்சா தூக்கி எறிந்தார். நட்பு முறிந்தது. குப்பியின் வடிவம் நின்றது.

சம்பாதித்ததை என்ன செய்தார்? கட்டலோனியாவில் சான் மார்டி வெல் என்ற சிற்றூரில், 1968-லேயே ஒரு பாழடைந்த வீட்டை வாங்கியிருந்தார். பிறகு ஒவ்வொரு கட்டடமாகச் சீரமைத்து, அந்த ஊருக்கே உயிர் கொடுத்தார். நெடுங்காலம் பிணங்கியிருந்த அப்பாவின் பெயரில் 2000-ல் அறக்கட்டளை தொடங்கினார். 2009-ல் பிரிட்டிஷ் மியூசியம் அவருடைய 30 படைப்புகளைத் தன் சேகரிப்பில் சேர்த்தது. 2021 மார்ச்சில் அதே ஊரில், 80 வயதில் காலமானார்.

ஒருவரின் கலைக்கு இன்னொருவர் தூண்டுகோலாக இருந்தார் என்று எழுதும்போது, அந்த இன்னொருவரின் கை என்ன செய்தது என்றும் கேட்க வேண்டும். எல்சாவின் கை செய்ததை இன்றும் கடைக்குப் போய் அணிந்து பார்க்கலாம்.

அடுத்த வாரம் பாரிஸ்: ஈவ் சான் லொராணின் பக்கத்தில் நின்று, அவருக்கே நகை வடித்துக் கொடுத்த லூலு த லா ஃபலேஸ்.

(தொடரும்)