காட்டை மட்டும் காத்தால் போதுமா?

மனிதன் ஒதுங்கிக்கொண்டால் காட்டு விலங்கு தானே பிழைத்துக்கொள்ளும் என்பது நெடுநாள் நம்பிக்கை. மலைக் கொரில்லா விஷயத்தில் அது பொய்த்துவிட்டது. ருவாண்டா, உகாண்டா, காங்கோ ஜனநாயகக் குடியரசு மூன்றின் எல்லைகளும் கூடுகிற விருங்கா எரிமலைத் தொடரில் 1981இல் எஞ்சியிருந்தவை சுமார் 250. 2015-16 கணக்கெடுப்பில் அதே மலைகளில் 604. உகாண்டாவின் பிவிண்டி காட்டில் இருப்பவற்றையும் சேர்த்தால் ஆயிரத்தைத் தாண்டும். 2018இல் இவை 'மிகவும் அருகிய' நிலையிலிருந்து 'அருகிய' நிலைக்கு முன்னேறின. இவற்றை விட்டு விலகாமல் கூடவே இருந்ததுதான் இதைச் சாதித்தது என்பது என் வாதம்.

விருங்காவில் 1967 முதல் 2008 வரையிலான தரவுகளை அலசி 2011இல் ஓர் ஆய்வு வெளியானது. மனிதர்களுக்குப் பழக்கப்படுத்தப்பட்டு, நாள்தோறும் காவலர்கள் பின்தொடரும் கூட்டங்கள் ஆண்டுக்கு 4.1 சதவீதம் பெருகின. பழக்கப்படாத கூட்டங்கள் 0.7 சதவீதம் குறைந்தன. மலைத்தொடர் ஒன்று, கவனிப்புதான் வேறு. இந்த இடைவெளியில் 40 சதவீதம் வரை கால்நடை மருத்துவர்களின் சிகிச்சைக்கே சேரும் என்றது ஆய்வு. மானுக்கு வைத்த கண்ணியில் கொரில்லாவின் கையோ காலோ சிக்கும். யாரும் பார்க்காவிட்டால் புண் அழுகிச் சாகும். பெண் கொரில்லா பத்து வயதுவாக்கில்தான் முதல் குட்டி ஈனும். பிறகு ஏறக்குறைய நான்கு ஆண்டுக்கு ஒன்று. கூட்டத்தைத் தாங்கும் வெள்ளிமுதுகு ஆண் இறந்தால், புதிதாக வரும் ஆண் பால்குடிக் குட்டிகளைக் கொன்றுவிடுவதும் உண்டு. இப்படிப்பட்ட உயிருக்கு ஒவ்வொரு சாவும் பேரிழப்பு. காட்டைச் சுற்றி வேலி போட்டால் மட்டும் அது ஈடாகாது.

இந்தக் காவலுக்குப் பணம்? கணிசமான பங்கு சுற்றுலாப் பயணிகள் தருவது. ருவாண்டாவில் ஒரு மணி நேரம் பார்க்க 2017 முதல் 1,500 டாலர். பணக்காரர்களின் பொழுதுபோக்கு என்று குறை சொல்லலாம். எனக்கு அதில் வருத்தமில்லை. கடுமையான குற்றச்சாட்டு வேறு. 1991இல் பிவிண்டி தேசியப் பூங்காவானபோது, தலைமுறை தலைமுறையாக அங்கே வாழ்ந்த பத்வா மக்கள் வெளியேற்றப்பட்டார்கள். பெரும்பாலோருக்கு இழப்பீடே இல்லை. இதற்கு எந்தக் கணக்கெடுப்பும் பதிலாகாது. சுற்றுலா வருவாயில் ருவாண்டா 10 சதவீதத்தைச் சுற்றுவட்டார மக்களுக்குத் தருகிறது. நல்லதுதான், போதாது.

இந்த முறையை எல்லா இடத்துக்கும் கொண்டுபோகவும் முடியாது. கிழக்குக் காங்கோவில் வாழும் கிரவர் என்ற வேறு வகைக் கொரில்லாக்கள் 1990களின் நடுவில் சுமார் 17,000 இருந்தன. 2021இல் வெளியான மதிப்பீடு 6,800. ஆயுதக் குழுக்களும் சுரங்கங்களும் இறைச்சி வேட்டையும் உள்ள காட்டுக்குப் பயணி எப்படி வருவான்? அங்கே முதலில் தேவை அமைதி.

எஞ்சும் ஆட்சேபம் நோய். நமக்கு வரும் சளி கொரில்லாவுக்கும் வரும். 2009இல் ருவாண்டாவில் மனிதச் சுவாச வைரஸ் ஒன்று பரவிய கூட்டத்தில் ஒரு பெண் கொரில்லாவும் ஒரு குட்டியும் இறந்தன. பார்வையாளர் எட்டுப் பேருக்கு மேல் கூடாது, விலகி நிற்க வேண்டும் என்றெல்லாம் விதிகள் உண்டு. ஆனால் படம் எடுக்கும் ஆசையில் பலரும் நெருங்கிவிடுகிறார்கள். சுற்றுலாவை நிறுத்தினால் காவலும் நிற்கும் என்பதால் நிறுத்தச் சொல்ல மாட்டேன். போகிறவர்களுக்கு ஒன்று: 1,500 டாலர் கட்டியாகிவிட்டதே என்று இருமலோடு மலையேறாதீர்கள், முகக்கவசத்தைக் கழற்றாதீர்கள்.