டி.எம்.சி. கணக்கில் வராத ஊசித்தட்டான்

ஆறுகளைப் பற்றி நாம் பேசுவதெல்லாம் நீரின் அளவைப் பற்றித்தான். எத்தனை டி.எம்.சி. வந்தது, எத்தனை கன அடி திறக்கப்பட்டது என்பவையே செய்தியாகின்றன. பொருளியல் ஆசிரியனாக நானும் வகுப்பறையில் அப்படியே கற்பித்தேன். ஓய்வுக்குப் பின், மேற்குத் தொடர்ச்சி மலையடிவார ஓடை ஒன்றின் கரையில் அமர்ந்திருந்தபோது கண்ட ஒரு பூச்சி, அந்தக் கணக்கின் போதாமையை எனக்கு உணர்த்தியது.

அது ஓர் ஊசித்தட்டான். தட்டான் அமரும்போது இறகுகளை விரித்து வைக்கும். ஊசித்தட்டான்களில் பெரும்பாலானவை முதுகின் மேல் கூப்பி வைக்கும். 'நியூரோபேசிஸ் சைனென்சிஸ்' என்னும் இந்த இனம், கூப்பிய நிலையில் பழுப்பாகத் தோன்றும். ஆண் தன் பின்னிறகுகளைத் திறந்த கணத்தில் மரகதப் பச்சை மின்னி மறையும். அது சாயமன்று; இறகின் நுண்ணடுக்குகளில் ஒளி பட்டுத் தெறிப்பதால் தோன்றும் நிறம். ஆகவே பார்க்கும் கோணம் மாறினால் பச்சை நீலமாகிறது. பெண்ணின் இறகுகளில் இந்த மினுக்கம் இல்லை. பறப்பதற்கு ஆண் பெரும்பாலும் முன்னிறகுகளையே நம்புகிறது. பின்னிறகுகள் துணையை ஈர்க்கவும் போட்டியாளரை எச்சரிக்கவுமான விளம்பரப் பலகைகள். விளம்பரச் செலவு மனிதனின் கண்டுபிடிப்பு என்று இனியும் சொல்வதற்கில்லை!

1758ஆம் ஆண்டிலேயே லின்னேயஸ் இதற்குச் சீனத்தின் பெயரைச் சூட்டிவிட்டார். ஆயினும் இந்தியா தொடங்கித் தென்கிழக்கு ஆசியா வரை ஓடைகளில் இது வாழ்கிறது. ஓடும் தெளிந்த நீர், கரையோரச் செடிகள், நீரில் மூழ்கிய வேர்கள் ஆகியவை இதற்கு வேண்டும். அத்தகைய தண்டுகளையும் வேர்களையும் துளைத்தே பெண் முட்டையிடுகிறது. இளம்பூச்சி நீருக்குள், வேர்களைப் பற்றிக்கொண்டு, சிறு உயிர்களை வேட்டையாடி வளர்கிறது.

கரைச் செடிகளை அகற்றிக் கான்கிரீட் சுவர் எழுப்புவதைச் சீரமைப்பு என்கிறோம். நீரின் அளவு குறையவில்லை. முட்டையிட வேர்தான் இல்லை. மணல் அள்ளினாலும், தடுப்பணையில் நீர் தேங்கினாலும், வயலின் பூச்சிக்கொல்லி ஓடையில் கலந்தாலும் இதன் வாழ்விடம் சிதைகிறது. எந்த ஆணையத்தின் புள்ளிவிவரத்திலும் இந்த இழப்பு பதிவாவதில்லை.

உலக அளவில் இது அழியும் நிலையிலுள்ள இனமன்று. சிக்கலே அங்குதான் இருக்கிறது. பரவலாக வாழும் உயிரினம் ஓர் ஓடையிலிருந்து மறைந்தால் எந்தப் பட்டியலும் மாறுவதில்லை. சராசரி வருமானம் உயரும்போது ஒரு தெருவின் வறுமை கண்ணில் படாமல் போவதை ஒத்தது இது.

ஓடை ஓடையாகக் கணக்கெடுத்தால்தான் உண்மை தெரியும். அதற்குப் பெரிய நிதி ஒதுக்கீடு வேண்டியதில்லை. அருகிலுள்ள கல்லூரி மாணவர்கள் ஒரு குறிப்பேட்டுடன் ஆண்டுதோறும் அதே மாதத்தில், அதே நூறு மீட்டர் கரையில் நடந்து எண்ணினால் போதும். பச்சை இறகை அடையாளம் காண முனைவர் பட்டம் தேவைப்படாது.