ஒரே படத்தோடு மறைந்துபோன கதாநாயகி



நடிகைகளின் கதை என்றால் நாம் வேலையைப் போட்டுவிட்டுப் படிப்போம். ஆனால் மலையாள சினிமாவின் முதல் கதாநாயகி யார் என்று கேட்டால் எத்தனை பேர் சொல்வோம்? அவர் பெயர் பி.கே. ரோஸி. நடித்தது ஒரே ஒரு படம். அதன்பிறகு நம் தமிழ்நாட்டில், நாகர்கோவிலில், நம்மைப் போல ஒரு குடும்பத் தலைவியாக வாழ்ந்தவர்.

ரோஸி புல் அறுத்துப் பிழைத்த தலித் பெண். காக்கரசி என்ற நாட்டுப்புற நாடகத்தில் நடித்துக்கொண்டிருந்தார். சினிமாவில் நடிக்க பெண்கள் பயந்த காலம் அது. அகஸ்தீஸ்வரத்தைச் சேர்ந்த ஜே.சி. டேனியல், தன் நிலத்தை விற்று, 'விகதகுமாரன்' என்ற மௌனப் படத்தை 1920-களின் கடைசியில் எடுக்க ஆரம்பித்தார். அதில் ரோஸிதான் கதாநாயகி. வேஷமோ நாயர் வீட்டுப் பெண்.

அதுவே வினையாயிற்று. திருவனந்தபுரம் கேப்பிட்டல் தியேட்டரில் படம் ஓடியபோது, "தாழ்ந்த சாதிக்காரி நம்ம வீட்டுப் பொண்ணா நடிக்கிறதா?" என்று கூட்டம் கொதித்தது. திரை மேல் கல் பறந்தது. ரோஸியின் குடிசைக்கும் தீ வைத்தார்கள். உயிருக்குப் பயந்து ஒரு லாரியில் ஏறித் தப்பி வந்தவர், அந்த லாரி டிரைவரையே கல்யாணம் செய்துகொண்டு ராஜம்மாள் என்ற பெயரில் வாழ்ந்தார் என்கிறார்கள்.

டேனியல் நொடித்துப்போய், பல் வைத்தியம் பார்த்துப் பிழைத்தார். 1975-ல் காலமானார். அவர் பெயரில் கேரள அரசு இன்று விருது தருகிறது. படத்தின் பிரதி ஒன்றுகூட மிஞ்சவில்லை. 2013-ல் வந்த 'செல்லுலாய்ட்' படத்தைப் பார்த்துத்தான் பலர் ரோஸியைத் தெரிந்துகொண்டார்கள். 2023 பிப்ரவரி 10-ம் தேதி கூகுள் தன் முகப்பில் அவர் படத்தைப் போட்டது.

வீட்டை எரித்தது ஒரு கொடுமை என்றால், வாயை அடைத்தது அதைவிடப் பெரிய கொடுமை. பெற்ற பிள்ளைகளிடம்கூட அவர் இதைப் பற்றி அதிகம் பேசவில்லையாம். அக்கம்பக்கத்துப் பெண்கள் திண்ணையில் உட்கார்ந்து சினிமா கதை பேசும்போது, "நானும் நடிச்சவதான்" என்ற வார்த்தை அவர் தொண்டை வரைக்கும் வந்து திரும்பியிருக்காதா?

எங்கள் வீட்டில் அரிசி அளக்கிற எவர்சில்வர் டம்ளர், என் மாமியார் பள்ளிக்கூட ஓட்டப் பந்தயத்தில் வாங்கிய பரிசு. ரோஸியின் கதையைச் சொன்னபிறகுதான் அத்தை அதை வாய்விட்டுச் சொன்னார்கள். கல்யாணமாகி நாற்பது வருஷமாக யாரும் கேட்டதில்லையாம்!

ரோஸிக்கு அன்று பேச பயம். நம் வீட்டுப் பெரியவர்களுக்கு அந்தப் பயம் இல்லை, கேட்கத்தான் ஆள் இல்லை. "கல்யாணத்துக்கு முன்னாடி நீங்க என்னம்மா பண்ணீங்க?" என்று இன்றைக்கே கேட்டுப் பாருங்களேன்.

– ஒரு வாசகி, வேங்கிக்கால், திருவண்ணாமலை.