ஒளியைப் போற்றிய கலைஞர்

சினிமாவைக் கண்டு மீள்வோர் நடிகரை நினைவிற் கொள்வர். சிலர் நெறியாளரையும் நினைவிற் கொள்வர். நடிகரின் முகத்தில் வீழ்ந்த ஒளி எங்கிருந்து வந்தது என வினவுவோர் மிகச் சிலரே. அவ்வினாவையே தம் வாழ்நாட் பணியாகக் கொண்டவர், சுவீடன் நாட்டு ஒளிப்பதிவாளர் ஸ்வென் நீக்விஸ்ற்.

1922ஆம் ஆண்டு, ஸ்மோலண்ட் மாகாணத்து மோகெடா என்னும் ஊரில் அவர் பிறந்தார். பெற்றோர் கொங்கோவிற் கிறித்தவ சமயத் தொண்டாற்றியமையால், இளமையில் அவர்களைப் பிரிந்து வாழ நேர்ந்தது. 1941இல் படத்துறையில் உதவியாளராகச் சேர்ந்தார். நெறியாளர் இங்மார் பேர்க்மனுடன் 1953இல் முதன்முறை பணியாற்றினார். 1960இல் வெளிவந்த ‘கன்னி ஊற்று’ அவ்விருவரின் நெடுநாட் கூட்டுறவுக்கு வழிகோலியது.

அக்காலப் படங்களில், நடிகரை அழகுறக் காட்டுதற்காகப் பல திசைகளிலிருந்தும் விளக்கொளி பாய்ச்சுவர். ஒருவர்க்கே இரண்டு மூன்று நிழல்கள் வீழும். இயற்கையில் இவ்வாறு நிகழ்வதுண்டோ? 1963இல் வெளிவந்த ‘குளிர்கால ஒளி’ என்னும் படம் இதற்கு விடை தந்தது. அதன் கதை, குளிர்கால ஞாயிறொன்றின் சில மணி நேரத்துள் நிகழ்வது. ஆகவே பேர்க்மனும் நீக்விஸ்றும் தேவாலயமொன்றில் முற்பகல் 11 மணி முதல் பிற்பகல் 2 மணிவரை அமர்ந்து, ஒளி மாறும் வகையை நோக்கினர். முகில் மூடிய வானத்தின் ஒளிக்குக் கூரிய நிழல் இல்லை. அவ்வொளியைப் படப்பிடிப்பு நிலையத்திற் பெறுதற்கு, விளக்கொளியை நேரே பாய்ச்சாது, மெல்லிய தாள் ஒட்டிய சட்டங்களினூடே பரவச் செய்தனர். நம்பிக்கை தளர்ந்த போதகரின் உள்ளத்து வெறுமையை, சொல்லினும் தெளிவாக அம்மங்கலொளி உணர்த்தியது. விளக்குகளைக் கூட்டுவதிலன்று, குறைப்பதிலேயே தம் கலை உளதென அவர் கண்டார்.

‘அழுகுரல்களும் கிசுகிசுப்புகளும்’, ‘பானியும் அலெக்சாந்தரும்’ ஆகிய படங்களுக்காக 1974இலும் 1984இலும் ஒஸ்கார் பரிசு பெற்றார். இரசிய நெறியாளர் தார்க்கோவ்ஸ்கியின் ‘தியாகம்’ படத்தில், வீடு எரியும் காட்சியின்போது கமரா பழுதுற்றது. வீட்டை மீளக் கட்டி, மீள எரித்தே அக்காட்சியைப் பதிவு செய்தனர்.

1991இல் ‘எருது’ என்னும் படத்தை அவரே நெறிப்படுத்தினார். பஞ்சத்தில், குடும்பத்தின் பசி போக்க எசமானின் எருதைக் கொன்ற ஏழையின் கதை அது. களமும் அவர் பிறந்த ஸ்மோலண்ட் மண்ணே.

1997இல் தம் அனுபவங்களை ‘ஒளிக்கு வணக்கம்’ எனப் பொருள்படும் நூலாக வெளியிட்டார். மறு ஆண்டே, பேச்சாற்றலைப் பறிக்கும் நோய் அவர்க்கு உளதெனக் கண்டறியப்பட்டது. ஒளிப்பதிவுப் பணியும் அத்துடன் முடிவுற்றது. 2006இல் அவர் மறைந்தார். நாவிற் சொல் அடங்குமுன் தாம் கற்றதை எழுதி வைத்தமை நம் பேறு. இனி ஒரு படத்தைக் காணும்போது, சாளரத்தருகே நிற்கும் முகத்தைச் சற்று உற்று நோக்குங்கள். அதன் ஒளி மெய்யாகவே அச்சாளரத்தினின்று வருகின்றதா என்பது புலப்படும்.