மேடை கேட்ட நியாயம் – 9: கட்டியக்காரன் வாயை அடைப்பது யார்?

வெளியூர்க்காரர்கள் உத்திரமேரூருக்கு வருவது பெரும்பாலும் கல்வெட்டுக்காக. வைகுந்தப் பெருமாள் கோயில் சுவரில் முதலாம் பராந்தக சோழன் காலத்தில், கி.பி. 919லும் 921லும் வெட்டப்பட்ட வரிகள் குடவோலைத் தேர்தலை விதி விதியாகச் சொல்கின்றன. ஓலையில் பெயரெழுதிக் குடத்தில் போட்டு, விவரமறியாத சிறுவன் ஒருவனை விட்டு எடுக்கச் சொன்ன ஏற்பாடு அது. ஊர் அதில் பெருமைப்படுவதில் தவறே இல்லை.

ஆனால் யார் பெயரை ஓலையில் எழுதலாம் என்பதற்கும் அதே கல்வெட்டில் விதி இருக்கிறது. கால் வேலிக்கு மேல் இறை கட்டும் நிலம் வேண்டும். சொந்த மனையில் வீடு வேண்டும். வயது 35க்கு மேல், 70க்குள். வேதப் பயிற்சியும் வேண்டும், ஏனென்றால் இது சதுர்வேதிமங்கலத்துச் சபை. பறை அடித்தவர், துணி வெளுத்தவர், முடி திருத்தியவர் எவர் பெயரும் அந்தக் குடத்தில் விழ வழியில்லை.

அப்படி விலக்கப்பட்டவர்களின் வழிவந்தவர்களுக்கு இதே வட்டாரத்தில் வாய் கிடைத்த இடம் கூத்துக்களம்.

பங்குனி பிறந்தால் காஞ்சிபுரம், செய்யாறு, வந்தவாசிப் பக்கத்துத் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதம் தொடங்கிவிடும். பகலில் பாரதப் பிரசங்கம், இரவில் கூத்து. முகவீணை, ஆர்மோனியம், மிருதங்கம், தாளம் எல்லாம் ஒருசேர எழும்ப, திரைக்குப் பின்னாலிருந்து வேஷம் பாடிக்கொண்டு வரும். திரௌபதி துகில், அர்ச்சுனன் தபசு, கர்ண மோட்சம் என்று இரவுகள் நகரும். கடைசி நாள் காலையில் களிமண்ணால் கிடத்திய துரியோதனனின் படுகளம், மாலையில் தீமிதி. எழுத்தறியாதவர்களும் பாரதத்தை மனப்பாடமாகச் சொல்வது இந்த இரவுகளால்தான்.

இந்தக் கூட்டத்தில் கவனிக்க வேண்டியவன் கட்டியக்காரன். மகுடமும் புஜக்கட்டையும் இல்லாதவன். ராஜாவுக்குக் கட்டியம் கூறுவது அவன் வேலை. ஆனால் ராஜாவையே நிறுத்தி வைத்துக் கேள்வி கேட்பான், நேற்று ஊரில் நடந்ததை இன்றைய அஸ்தினாபுரத்துக்குள் இழுத்து வருவான். ஊர்த் தலைவர் வீட்டுத் திண்ணையில் உட்கார முடியாதவன், களத்தில் நின்று தலைவரை ஏசலாம். கூத்துக்களத்திலும் சாதிக் கோடு இருந்தது. சேரிக்காரர்கள் எட்ட நின்று பார்த்த ஊர்கள் உண்டு. அதை மறைத்துக் கூத்தைப் புகழ்வது நேர்மையாகாது. இருந்தும், புராணத்துக்குள் நிகழ்காலத்தை நுழைக்கும் உரிமையைக் கட்டியக்காரன் விட்டுக்கொடுக்கவில்லை. வெள்ளைக்காரன் காலத்து நாடகக்காரர்கள் கையில் எடுத்ததும் இதே உத்தியைத்தான்.

அந்த உத்தியை உயிரைக் கொடுத்து வளர்த்தவர் சிவகாசியில் 1886இல் பிறந்த விஸ்வநாத தாஸ். ஸ்பெஷல் நாடக நடிகர். வள்ளி திருமணத்தில் முருகன் வேஷம் கட்டுவார். தினைப்புனத்தில் வள்ளி பறவை விரட்டும் கட்டம் எல்லோருக்கும் தெரிந்தது. அந்த இடத்தில் வெள்ளைக் கொக்கைப் பற்றிய பாட்டு ஒன்று புகுந்தது. கொக்கு யார் என்று அரங்கத்தில் ஒருவருக்கும் விளக்க வேண்டியிருக்கவில்லை. 1919இல் ஜாலியன்வாலாபாக்கில் சுட்டார்கள்; அந்தச் செய்தியும் பாட்டாகி மேடையேறியது. மதுரகவி பாஸ்கரதாஸ் போன்றவர்கள் எழுத எழுத, நடிகர்கள் அந்தப் பாட்டுகளை ஊர் ஊராகக் கொண்டுபோனார்கள். பத்திரிகை எட்டாத கிராமத்துக்கு நாடகம் எட்டியது.

போலீஸும் எட்டியது. தாஸ் பலமுறை சிறை சென்றார். வேஷம் கலைக்குமுன்பே கைதானதும் உண்டு. விடுதலையாகி வந்தால் அடுத்த ஊரில் மறுபடி அதே பாட்டு.

தேசபக்தியைப் பேசுகிறவர்கள் பலரும் இந்தக் கதையில் தவறவிடும் பாதி ஒன்று இருக்கிறது. தாஸ் மருத்துவர் சமூகத்தில், அதாவது முடி திருத்தும் தொழில் செய்தவர்களின் குலத்தில் பிறந்தவர். அந்தக் காரணத்துக்காகவே அவரோடு ஜோடி சேர்ந்து நடிக்க மாட்டோம் என்றவர்கள் இருந்தார்கள். வெள்ளைக்காரனை எதிர்த்து அவர் பாடியபோது எழுந்து ஆரவாரம் செய்த ஊர்தான், விடிந்ததும் அவருடைய சாதியை நினைவு வைத்திருந்தது. ஒரே மனிதர் ஒரே மேடையில் இரண்டு அதிகாரங்களை எதிர்த்து நின்றிருக்கிறார். ஒன்றுக்கு மட்டும் நாம் தியாகி என்று பெயர் கொடுத்தோம். 1940 டிசம்பர் 31 அன்று சென்னையில், மயில் மேல் அமர்ந்த முருகனாகப் பாடிக்கொண்டிருந்தபோதே மேடையில் உயிர் பிரிந்தது. திருமங்கலத்தில் அவர் வாழ்ந்த வீடு இன்று நினைவில்லம்.

மேடையைக் கண்டு அரசு எவ்வளவு பயந்தது என்பதற்குச் சட்டமே சாட்சி. வங்கத்தில் ‘நீல் தர்ப்பண்’ அவுரித் தோட்ட முதலாளிகளின் கொடுமையைக் காட்டியது. வேல்ஸ் இளவரசர் வருகையைக் கேலி செய்த நாடகமும் அங்கே மேடையேறியது. 1876இல் நாடக நிகழ்ச்சிகள் சட்டம் வந்துவிட்டது. சுதந்திரம் வந்தபின் அது போயிருக்க வேண்டும். போகவில்லை. 1954இல் சென்னை மாநிலம் தனக்கென்று இன்னொரு நாடகச் சட்டத்தையே இயற்றிக்கொண்டது, எம்.ஆர். ராதாவின் ராமாயண நாடகம் கிளப்பிய புயல் அப்போது வீசிக்கொண்டிருந்தது. அந்தச் சட்டம் செல்லாது என்று சென்னை உயர் நீதிமன்றம் தீர்ப்பளிக்க 2013 ஆயிற்று. வழக்குப் போட்டவர் ‘பரீக்‌ஷா’ நாடகக் குழுவின் ஞாநி. 1876ஆம் ஆண்டுச் சட்டத்தை நாடாளுமன்றம் நீக்கியது 2018இல்தான். கொடி மாறி எழுபது ஆண்டுகள் கழித்து!

காஞ்சிபுரத்துக்காரரான அண்ணாவின் ‘சிவாஜி கண்ட இந்து இராஜ்யம்’ இந்த இடத்தில் நினைவுக்கு வராமல் போகாது. 1940களின் நடுவில் மேடையேறிய நாடகம். வாளால் ராஜ்யத்தைப் பிடித்தவனுக்கு, சூத்திரன் என்று சொல்லி முடிசூட்ட மறுக்கிறார்கள் என்பது அதன் கரு. புரோகிதர் காகபட்டராக அண்ணாவே நடித்தார். சிவாஜியாக நடித்த வி.சி. கணேசனுக்குப் பெரியார் வாயால் புதுப் பெயர் கிடைத்தது. நாட்டுக்குச் சுதந்திரம் கிடைத்தால் எல்லாம் முடிந்துவிடுமா என்று கேட்ட நாடகம் அது. விஸ்வநாத தாஸ் தன் உடம்பில் சுமந்த கேள்வி இங்கே வசனமாயிற்று.

கடலுக்கு அப்பாலும் அரசுகளின் பயம் ஒன்றுபோல்தான் இருந்தது. அமெரிக்காவின் கறுப்பினப் பாடகர் பால் ராப்சன் நிறவெறியையும் காலனி ஆட்சியையும் எதிர்த்துப் பாடினார், பேசினார். 1950இல் அந்நாட்டு அரசு அவருடைய பாஸ்போர்ட்டைப் பறித்தது. போக முடியாதவர் 1957இல் அட்லாண்டிக் கடலடித் தொலைபேசிக் கம்பி வழியாக லண்டன் ரசிகர்களுக்குப் பாடினார். 1958 ஏப்ரலில் அவருடைய 60ஆம் பிறந்தநாளை இந்தியாவில் கொண்டாடினார்கள். அமெரிக்கத் தரப்பு தடுக்கப் பார்த்தும் நேரு வெளிப்படையாக ஆதரவு தந்தார். அதே நேரு ஆண்ட இந்தியாவில் 1876ஆம் ஆண்டுச் சட்டம் உயிரோடு இருந்தது என்பதையும் சேர்த்தே படிக்க வேண்டும்.

மறுபடி காஞ்சிபுரத்துக்கு வருவோம். சட்டம் போனாலும் கூத்துக்காரருக்கு ஊர் கொடுத்த இடம் பெரிதாக மாறவில்லை. ‘கூத்தாடி’ என்பது இன்னும் வசைச்சொல். ஊருக்குக் கட்டுப்பட்ட தொழிலாளிகள் செய்யும் கடமைகளில் ஒன்றாகவே கூத்து நெடுங்காலம் பார்க்கப்பட்டது. விடிய விடிய ஆடுவார்கள். கூலியை ஊர்ப் பெரியவர்கள் தீர்மானிப்பார்கள்.

இதை மாற்ற முன்வந்தவர்களில் ஒருவர் பெ. ராஜகோபால். கூத்துக் கலைஞர் பொன்னுசாமியின் மகன். சிறுவயதிலேயே பள்ளிக்கூடத்தை விட்டுக் களத்துக்கு வந்தவர். 1990இல் கலைஞர்கள் கூடித் தங்களுக்கென்று கட்டைக்கூத்துச் சங்கம் அமைத்தபோது முன்னின்றார். ஊர்ப் பெரியவர் முன்னால் தனியாக நின்று பேரம் பேசியவர்கள் முதல்முறையாகச் சேர்ந்து பேசினார்கள். அவருடைய துணைவியும் ஆய்வாளருமான ஹன்னே டி புருயின் நெதர்லாந்துக்காரர். இருவரும் சேர்ந்து 2002இல் காஞ்சிபுரத்தை அடுத்த புஞ்சரசந்தாங்கலில் குருகுலம் தொடங்கினார்கள். கூத்துக்குப் படிப்பை விலையாகக் கொடுத்த ராஜகோபால், அந்த விலையைப் பிள்ளைகளிடம் கேட்கவில்லை. அங்கே பள்ளிப் பாடமும் உண்டு, அடவும் உண்டு.

அந்தக் குருகுலத்தில் பெண் பிள்ளைகளையும் சேர்த்துக்கொண்டார்கள். இந்தத் தொடரில் இதுவரை சொன்ன எந்தச் செயலுக்கும் இது குறைந்ததாகத் தோன்றவில்லை. பெண்ணின் மானம் பற்றிய கதையை ஆணே சேலை கட்டி ஆடிவந்த களத்தில், துகிலுரியும் இரவில் சபையைப் பார்த்து நியாயம் கேட்கும் திரௌபதியாக ஒரு பெண்ணே வந்து நின்றாள். துச்சாதனன் வேஷத்தையும் பெண்கள் கட்டினார்கள். கனத்த கட்டை அணிகளைச் சுமந்துகொண்டு கிறுகிறுவென்று கிர்க்கி சுற்றினார்கள்.

குருகுலம் 2020இல் மூடப்பட்டது. பயின்ற பையன்களில் பலருக்குக் கூத்தே தொழிலாயிற்று. பெண்களுக்கு வழி அப்படி எளிதாக இல்லை. கல்யாணம் பேசும்போதே இனி ராத்திரியில் வேஷம் கட்டக்கூடாது என்ற நிபந்தனை வந்துவிடுகிறது. 1954ஆம் ஆண்டுச் சட்டத்தை எதிர்த்து நீதிமன்றம் போக முடிந்தது. மாமியார் வீட்டு வாசலில் போடும் தடைக்கு எந்த நீதிமன்றம் இருக்கிறது? அதையும் மீறிச் சில பெண்கள் ஆடுகிறார்கள். பங்குனியில் உங்கள் ஊர்ப் பாரதத்துக்குத் தாம்பூலம் மாற்றும்போது, பெண்கள் ஆடும் குழுவையும் கூப்பிடுங்கள். கூலியைக் குறைக்காமல் கொடுங்கள்.

அடுத்த வாரம்: இலங்கை மலையகத்துத் தேயிலைத் தோட்டங்களில் தொழிலாளர்கள் நடுவே உரிமைப் பாட்டுப் பாடிய மீனாட்சியம்மாள் நடேசய்யர்.

(தொடரும்)